பிராக் யூதர் பகுதிக்கு வழிகாட்டியுடன் போகிறீர்களா? முதலில் கிழமையைப் பாருங்கள்

பிராக் நகரின் பழைய யூதர் பகுதியான யோசெஃபோவைப் பார்க்கச் சனிக்கிழமையைத் தேர்வு செய்யாதீர்கள். யூதர்களின் ஓய்வுநாள் என்பதால் யூத அருங்காட்சியகம், ஜெப ஆலயங்கள் (யூதர்களின் வழிபாட்டு இடங்கள்), பழைய கல்லறைத் தோட்டம் எல்லாமே மூடியிருக்கும். யூதப் பண்டிகை நாட்களும் அப்படித்தான். வெள்ளியன்று ‘பழைய-புதிய ஜெப ஆலயம்’ என்ற பெயருள்ள ஆலயம் சீக்கிரமே மூடிவிடும். குளிர்காலத்தில் இன்னும் முன்னதாக.

பணம் கட்டும் முன் ஒன்றைக் கேளுங்கள்: நுழைவுச்சீட்டு சேர்த்தியா? சில குழுக்கள் தெருவில் நின்று கதை சொல்வதோடு சரி. சீட்டு உண்டு என்றால், 13ஆம் நூற்றாண்டின் பழைய-புதிய ஜெப ஆலயமும் அதில் அடங்குமா என்று தனியாகக் கேளுங்கள்.

பிங்காஸ் ஜெப ஆலயத்துக்கு முக்கால் மணி நேரமாவது ஒதுக்குங்கள். நாஜிகளால் கொல்லப்பட்ட சுமார் 78,000 பேரின் பெயர்கள் சுவர் முழுக்கக் கையால் எழுதப்பட்டிருக்கின்றன. வேகமாகக் கடந்தால் வெறும் கோடுகளாகத்தான் தெரியும். ஒரு ஊரின் பெயரைப் பிடித்துக்கொண்டு, அதன் கீழே ஒரே குடும்பத்தினர் வரிசையாக வருவதைப் படியுங்கள். மாடியில் நாஜிகளின் தெரேசீன் முகாமில் அடைபட்ட குழந்தைகள் வரைந்த ஓவியங்கள் உள்ளன. தவறவிடாதீர்கள்.

அடுத்துள்ள கல்லறைத் தோட்டத்தில் சுமார் 12,000 கற்கள். இடமில்லாமல் அடுக்கடுக்காகப் புதைத்ததால்தான் அவை இப்படி நெருக்கியடித்துச் சாய்ந்து நிற்கின்றன. மேலே வைத்திருக்கும் கூழாங்கற்கள் அஞ்சலிக்கானவை, எடுக்காதீர்கள். ஆண்கள் தலையை மூட ஒரு தொப்பி கொண்டுபோங்கள்.

அந்த முகாம் இருந்த தெரேசீனையும் பார்க்க நினைத்தால், அது பிராகிலிருந்து 60 கி.மீ. தள்ளி இருக்கிறது. அதற்குத் தனி நாள் வேண்டும்.