யாழ்ப்பாணத்தில இருந்து எகிப்துக் கல்லறை ஆராய்ச்சிக்குப் போறது எப்பிடி

மம்மி ஆராயிற வேலைக்கு என்ன படிக்கோணும் எண்டு ஏஎல் பிள்ளையள் அடிக்கடி கேக்கினம். நான் முதல் சொல்லுறது, தங்கத்தை விடுங்கோ, எந்தச் சாமான் எங்க கிடந்தது, பக்கத்தில என்ன கிடந்தது எண்டு பாக்கப் பழகுங்கோ, இந்தத் தொழிலே அதுதான்.

அதுக்கு எகிப்து போகத் தேவையில்லை. ஆனைக்கோட்டையில 1980இல யாழ்ப்பாணப் பல்கலைக்கழக ஆக்கள் தோண்டின பெருங்கற்கால அடக்கம் இருக்கே, அதில கிடைச்ச முத்திரை எலும்புக்கூட்டோட கிடந்தபடியாத்தான் அவ்வளவு பெறுமதி, ஆரோ கிண்டி எடுத்துக் கடையில வித்திருந்தா அது வெறும் முத்திரைதான். யாழ் கம்பஸிலயே தொல்லியல் படிக்கலாம், முதல் டிகிரிய அங்க செய்யுங்கோ, ஃபீல்டுக்குக் கூட்டிக்கொண்டு போனா ஒண்டையும் தவறவிடாதேங்கோ, மண்ணடுக்கு வரையிறது, உடைஞ்ச பானை ஓடு கழுவி நம்பர் போடுறது எல்லாம் கை பழகோணும். எகிப்தியல், அதாவது பழைய எகிப்தைப் பற்றின படிப்பு, அதில மாஸ்டர்ஸ் செய்யத்தான் வெளிநாடு.

ஓட்டைக் குறைவா நினைக்காதேங்கோ. எகிப்தில தோண்டின ஆங்கிலேயத் தொல்லியலாளர் பிளிண்டர்ஸ் பெட்ரி, எழுத்தே இல்லாத காலத்துக் கல்லறையளை அதுக்குள்ள இருந்த பானையளின்ர வடிவம் எப்பிடி மாறிக்கொண்டு போகுது எண்டதை வச்சே முந்தி பிந்தி எண்டு அடுக்கினவர்.

இப்ப வீட்டில இருந்தே செய்யக்கூடிய பயிற்சி. எகிப்து அரசன் துட்டன்காமுன்ர கல்லறைய ஆங்கிலேயத் தொல்லியலாளர் ஹவார்ட் கார்ட்டர் 1922 நவம்பரில கண்டவர், ஆனா உள்ள இருந்த 5,000க்கு மேற்பட்ட சாமானை வெளிய எடுத்து முடிக்க கிட்டத்தட்ட 10 வருசம், ஏனெண்டா ஒவ்வொண்டுக்கும் நம்பர், ஒரு கார்ட், கிடந்த இடத்திலயே ஹாரி பேர்ட்டன் எடுத்த ஃபோட்டோ. அதெல்லாம் ஒக்ஸ்போர்ட் கிரிஃபித் இன்ஸ்டிடியூட் இணையத்தில இலவசமா போட்டிருக்கு. ஏதாவது ஒரு நம்பரை எடுங்கோ, ஃபோட்டோவைப் பாத்து முதல் நீங்களே விவரம் எழுதுங்கோ, பிறகு கார்ட்டரின்ர கார்டோட ஒப்பிடுங்கோ, என்னத்தைப் பாக்காம விட்டனியள் எண்டு தெரியும்.

மொழி கட்டாயம். ஹைரோகிளிஃப் எண்ட பழைய எகிப்தியப் பட எழுத்தைப் படிக்க மத்திய எகிப்திய மொழியில தொடங்குங்கோ, ஆய்வறிக்கையளுக்கு ஃபிரெஞ்சும் ஜெர்மனும் வேணும், அங்கத்தைய தொழிலாளியளோட கதைக்க அரபு.

விளங்கப்படுத்திறதையும் இப்பவே பழகுங்கோ. துட்டன்காமுன்ர கல்லறையத் திறந்தவையைச் சாபம் கொண்டது எண்ட கதையைப் பற்றிக் கட்டாயம் கேப்பினம். கார்ட்டரின்ர வேலைக்குக் காசு குடுத்த கார்னர்வன் பிரபு 1923இல செத்தது நுளம்புக்கடி கிருமி பிடிச்சு, கல்லறைய முதல் திறந்த கார்ட்டர் 1939 மட்டும் இருந்தவர், அவ்வளவுதான், அதோட நிப்பாட்டிப்போட்டு உண்மையான கதைக்கு வாங்கோ. உடலை நேட்ரன் உப்பில காயவச்சு, ஈரல் நுரையீரல் இரைப்பை குடலை எடுத்து வேறயா வச்சு, இதயத்தை மட்டும் பெரும்பாலும் உள்ளயே விட்டவை, மறுமையில அதைத்தான் தராசில வைப்பினம் எண்ட நம்பிக்கை. கல்லறைச் சுவரில போறவாற ஆக்களைக் கூப்பிட்டு, எனக்கு ஆயிரம் ரொட்டி ஆயிரம் பியர் எண்டு வாயாலயாவது சொல்லுங்கோ எண்டு எழுதிவச்சிருக்கினம். எங்கட படையலோட சேத்துச் சொன்னீங்கள் எண்டா ஆச்சிமாருக்கும் உடன விளங்கும்.

மம்மின்ர படத்தைக் காட்டேக்க பேர் தெரிஞ்சா பேரைச் சொல்லிக் காட்டுங்கோ. அது ஒரு ஆளின்ர உடம்பு, சின்னப் பிள்ளையளுக்கும் அதை முதலே சொல்லிப்போட்டுத்தான் படத்தைத் திறக்கோணும்.