பீத்தோவன்ட பிரிவு சொனாட்டாவ வாசிக்க முதல் திகதியப் பாருங்க

கீபோட் பழகுற புள்ளைகள் கேக்கிறது, கொம்போசர்ட வாழ்க்கை அவர்ட பியானோ மியூசிக்குக்குள்ள எங்க கிடக்கு, எப்பிடிக் கண்டுபிடிக்கிற எண்டு. பேர நம்பாதீங்க, அவர் தன்ட கையால எழுதி வச்சதத் தேடுங்க.

'மூன்லைட்' சொனாட்டா 1801ல எழுதினது, ஆனா அந்தப் பேர் அவர் வச்சதில்ல, 1827ல அவர் செத்த பிறகுதான் பரவினது. மட்டக்களப்புக் கல்லடிப் பாலத்தில இரவில நிண்டு கேட்டா நல்லாத்தான் இருக்கும், நானும் கேட்டிருக்கன், ஆனா அது நம்மட வாவி நிலா.

இப்ப அந்தப் பிரிவு சொனாட்டாவ, ஓபஸ் (படைப்பு எண்) 81ஏ-ய எடுங்க, யூடியூப்ல 'லெ சாதியூ' (Les Adieux, பிரெஞ்சில 'பிரியாவிடை') எண்டு தேடினா வரும். 1809 மே 4, நெப்போலியன்ட படை கிட்ட வருது எண்டு பீத்தோவன்ட மாணவன் இளவரசர் ருடோல்ஃப் வியன்னாவ விட்டு வெளிக்கிடுறார் (மாணவன் மட்டுமில்ல, பீத்தோவனுக்கு வருசத்துக்கு 4000 ஃபுளோரின் (அந்தக் காலத்துக் காசு) தாறம் எண்டு கையெழுத்து வச்ச மூண்டு பேர்ல ஒராள், அதையும் மறக்காதீங்க). அந்தத் திகதிய பீத்தோவன் கையெழுத்துப் பிரதியிலயே எழுதியிருக்கார். ஆள் திரும்பினது 1810 ஜனவரி 30. சொனாட்டாட மூண்டு பகுதியும் அதேதான், பிரிவு, ஆள் இல்லாத காலம், திரும்பக் காணுறது.

இனிக் கீபோட்ல இருங்க. முதல் மூண்டு சுரம் ஜி, எஃப், ஈ பிளாட். அதுக்கு மேல லெ-பெ-வோல் எண்டு பிரிச்சுப் பிரிச்சு எழுதியிருக்கார், 'நல்லா இரு' எண்டு அனுப்பி வைக்கிற ஜெர்மன் சொல்லு. வலது கையால தனிய வாசிச்சா வீட்டுக்கு வந்து சேர்ந்த மாதிரி இருக்கும். பிறகு மூண்டாவது சுரத்துக்கு இடது கையால கீழ சி-ய வச்சுப் பாருங்க, வாசல்வரைக்கும் வந்தவன் உள்ளுக்கு வராம நிண்ட மாதிரி ஆகிடும். சி-க்குப் பதிலா ஈ பிளாட்ட வச்சும் பாருங்க, அந்தக் கவலை அப்பிடியே காணாமப் போகும்.

பதிப்பாளர் பிரெஞ்சில 'லெ சாதியூ' எண்டு பேர் போட்டது பீத்தோவனுக்குப் பிடிக்கல்ல, லெபெவோல் ஒராளுக்கு மட்டும் மனசால சொல்றது, அந்தப் பிரெஞ்சுச் சொல்லு கூட்டத்துக்குச் சொல்றது எண்டு கடிதம் எழுதினவர்.

முதல் பகுதிட கடைசியில அந்த மூண்டு சுரமும் ஒண்டுக்கு மேல ஒண்டு ஏறி மோதும். கட்டாருக்குப் போறவன அனுப்பப் போனா பஸ் வெளிக்கிட்ட பிறகும் அவன் யன்னலால கத்துவான், நாம கீழ நிண்டு கத்துவம், ரெண்டு பேர்ட குரலும் கலந்து போகும்தானே, அது மாதிரி. பிரிண்ட் பிழை எண்டு திருத்திப் போடாதீங்க.

ரெண்டாவதுக்கும் மூண்டாவதுக்கும் நடுவில கைய எடுத்து இளைப்பாறக் கூடாது, காத்திருந்த ஆள் திடீரெண்டு வாசல்ல வாறது அங்கதான். மூண்டு வீடியோவா வெட்டிப் போட்டதுகள விட்டுட்டு முழுசா இருக்கிற ஒண்டத் தேடிக் கேளுங்க.