கற்பனை நாட்டுக்கு வரைபடம் போடுகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன மாதம் ஒரு வார இறுதிப் பயிற்சியில் 11 பேர் வரைந்த வரைபடங்களைப் பார்த்தேன். எல்லாமே கற்பனை நாடுகள். ஃபேண்டஸி நாவலுக்காகச் சிலர், தாங்கள் உருவாக்கும் விளையாட்டுக்காகச் சிலர். நல்ல கை ஓட்டம் உள்ளவர்கள். மலைக்கு நிழல் போடுவதில் இரண்டு பேர் என்னைவிடத் தேர்ந்தவர்கள். ஆனால் 11-இல் 8 படங்களில், ஆரம்பத்தில் நான் செய்த அதே தவறுகள் அப்படியே இருந்தன. அதனால்தான் இதை எழுதுகிறேன். கோடு நடுங்குவது, வண்ணம் வழிவது எல்லாம் வரைய வரையச் சரியாகிவிடும். அவற்றைப் பற்றி இங்கே பேசப்போவதில்லை.

அளவைக் கடைசியில் போடுவது

இதைப் பார்த்தால் எனக்கு இன்றும் எரிச்சல் வருகிறது. காரணம், இதற்கு நான் கொடுத்த விலை.

காசு வாங்கிக்கொண்டு செய்த முதல் வேலை அது. மூன்று அரசுகள் மோதிக்கொள்ளும் ஒரு நாவல். ஏ3 தாளில் இந்தியன் இங்க் தொட்டு மூன்று வாரம் வரைந்தேன். கடற்கரையை வளைத்து வளைத்துப் போடுவதில் ஒரு சுகம் இருக்கிறது, அதனால் முதலில் கடற்கரை. அப்புறம் மலைகள், காடுகள். மீதி இடத்தில் ஊர்கள். எல்லாம் முடிந்தபோது வலது கீழ் மூலையில் கொஞ்சம் இடம் இருந்தது. அங்கே கறுப்பு வெள்ளைக் கட்டமாக 2 செ.மீ. நீளத்துக்கு ஓர் அளவுகோல் வரைந்து, ‘100 கி.மீ.’ என்று எழுதினேன். ஏன் 100? பார்க்க அழகாக இருந்தது, அவ்வளவுதான்.

எழுத்தாளருக்கும் படம் பிடித்திருந்தது. மெய்ப்புப் பார்த்தவர்தான் ஸ்கேலை வைத்து அளந்தார். ஆறாம் அத்தியாயத்தில் ஒரு தூதன் விடியற்காலையில் தலைநகரை விட்டுக் கிளம்பி, அதே குதிரையில் மறுநாள் இருட்டுவதற்குள் எல்லைக் கோட்டைக்குப் போய்விடுகிறான். என் படத்தில் இரண்டுக்கும் நடுவே 14 செ.மீ. அதாவது 700 கி.மீ. சென்னையிலிருந்து கன்னியாகுமரி வரை போகிற தூரம். எந்தக் குதிரை போகும்?

சரி, அளவை மாற்றிவிடலாம் என்று 2 செ.மீ.க்கு 15 கி.மீ. என்று வைத்தோம். கோட்டை 105 கி.மீ. தொலைவுக்கு வந்துவிட்டது. ஆனால் பதினோராம் அத்தியாயத்தில் ஒட்டகக் கூட்டம் 20 நாள் தவித்துக் கடக்கும் பாலைவனம் என் படத்தில் 9 செ.மீ. புதிய அளவில் அது 68 கி.மீ.கூட இல்லை. இரண்டு நாளில் கடந்துவிடலாம். அந்த 20 நாளில் ஒரு பாத்திரம் தாகத்தில் சாகிறது. ஒரு பக்கம் இழுத்தால் மறுபக்கம் கிழிந்தது. கடைசியில் நான் முழுப் படத்தையும் திரும்ப வரைந்தேன். எழுத்தாளர் இரண்டு அத்தியாயங்களைத் திருத்தி எழுதினார். புத்தகமும் தாமதமானது. அந்த வேலைக்கு நான் வாங்கியது ஒரு படத்துக்கான காசு.

இப்போதெல்லாம் பென்சிலைத் தொடுவதற்கு முன்னால் கதையில் வரும் பயணங்களைப் பட்டியல் போடுகிறேன். யார், எங்கிருந்து எங்கே, எதில், எத்தனை நாள். நல்ல பாதையில் நடப்பவருக்கு ஒரு நாளைக்கு 25 முதல் 30 கி.மீ., மாட்டுவண்டிக்கு 20, ஒரே குதிரையில் நாள் கணக்கில் போகிறவருக்கு 50 என்று வைத்துக்கொள்கிறேன். மலைப்பாதை என்றால் பாதி. தூரங்கள் கிடைத்ததும், மிக நீண்ட பயணம் தாளுக்குள் அடங்கும்படி அளவை முடிவு செய்கிறேன். அதன்பிறகு 2எச் பென்சிலால் மெல்லிய கட்டங்கள், ஒரு கட்டம் ஒரு நாள் நடை. ஊர்களைப் புள்ளியாக வைத்த பிறகுதான் கடற்கரை. பாதை வளைந்து போகுமே, அதற்கு ஸ்கேல் உதவாது. தையல் நூலை ஈரமாக்கிப் பாதை மேல் படிய வைத்து, அதை எடுத்து நீட்டி அளப்பேன்.

சிலப்பதிகாரத்தில் புகாரை விட்டுக் கிளம்பிக் கொஞ்ச தூரத்திலேயே களைத்துப்போன கண்ணகி, மதுரை எங்கே இருக்கிறது என்று கேட்கிறாள். ‘ஆறைங்காதம்’ என்கிறான் கோவலன். ஆறைந்து முப்பது காதம். காதில் விழும்போது ஐந்தாறு காதம் போல இருக்கும். அதற்கப்புறம் அவர்கள் ஒரு நாளைக்கு ஒரு காதத்துக்கு மேல் நடப்பதில்லை என்றும் இளங்கோவடிகள் சொல்லிவிடுகிறார். பூம்புகாரிலிருந்து திருச்சி வழியாக மதுரைக்கு இன்றைய சாலையில் ஏறக்குறைய 300 கி.மீ. தூரமும் தெரியும், வேகமும் தெரியும். அதனால்தான் படிக்கிற நமக்கே கால் வலிக்கிறது. படம் வரைகிறவருக்கு இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியாது.

பயிற்சிக்கு வந்த ஒரு பெண்ணிடம், “இந்த அளவை எப்படி முடிவு பண்ணினீங்க?” என்று கேட்டேன். “அது டிசைனுக்காக வெச்சது சார்” என்றார். அன்று மதியம் முழுக்க அவருடைய கதையின் பயணங்களை இரண்டு பேரும் உட்கார்ந்து எண்ணினோம்.

ஆற்றைப் பிரித்து ஓடவிடுவது

ஆறுகள் சேரும். சும்மா சும்மா பிரியாது. காவிரியையே பாருங்கள். குடகில் பிறந்து வரும் வழியெல்லாம் ஹேமாவதி, கபினி, பவானி, நொய்யல், அமராவதி என்று ஒவ்வொன்றாக வந்து சேர்கின்றன. நிலம் தட்டையான பிறகு, முக்கொம்பில்தான் கொள்ளிடம் பிரிகிறது. புதிதாக வரைகிறவர்கள் ஓடும் வழியிலேயே ஆற்றை இஷ்டத்துக்குப் பிரித்துவிடுகிறார்கள். ஒரே ஆறு இரண்டு கடலில் போய் விழுகிறது. ஓர் ஏரியிலிருந்து மூன்று ஆறுகள் கிளம்புகின்றன. ஒவ்வோர் ஆற்றையும் மலையில் ஆரம்பித்துக் கீழே இழுத்து, வழியில் ஒன்றோடொன்று சேர்த்தால் இந்தத் தப்பு வராது.

விதிவிலக்கு உண்டு. தென் அமெரிக்காவில் ஒரினோகோ ஆற்றிலிருந்து கசிகியாரே பிரிந்துபோய் அமேசானின் கிளையான ரியோ நெக்ரோவில் கலக்கிறது. 1800-இல் ஜெர்மன் ஆய்வுப் பயணி ஹம்போல்ட் அதில் படகில் போனார். அப்படி ஒன்று உங்கள் நாட்டில் வேண்டுமென்றால் தாராளமாக வையுங்கள். ஆனால் அந்த ஊர்க்காரர்களுக்கே அது அதிசயமாக இருக்க வேண்டும்.

மலையின் இரண்டு பக்கமும் காடு

மழைக்காற்று எந்தத் திசையிலிருந்து வருகிறது என்று ஒரு அம்புக்குறி போட்டுக்கொள்ளுங்கள். காற்று வந்து மோதும் பக்கம் காடு, மறுபக்கம் வறண்ட நிலம். ஜூலையில் வால்பாறை நனைந்து கிடக்கும்போது உடுமலைப்பேட்டைப் பக்கம் வெறும் காற்றுதான் அடிக்கும்.

திசைகாட்டி

ஒன்று போதும்.

பழைய தாள் போலத் தேநீர்க் கறை

வேண்டாம். எழுத்தை விழுங்கிவிடும்.

வெற்றிடத்தைக் கண்டு பயப்படுவது

தாளில் காலியிடம் தெரிந்தால் உடனே ஒரு மலைத்தொடர் முளைத்துவிடுகிறது. நிஜ வரைபடங்களிலும் இது நடந்திருக்கிறது. 1798-இல் ஆங்கிலேய வரைபடக்காரர் ஜேம்ஸ் ரென்னெல் மேற்கு ஆப்பிரிக்காவின் குறுக்கே ‘காங் மலைகள்’ என்று ஒரு தொடரைப் போட்டார். அடுத்தடுத்து வந்தவர்கள் அதைப் பார்த்து வரைந்தார்கள். 1880-களின் கடைசியில் பிரெஞ்சுக்காரர் பின்ஷே நேரில் போய்த் தேடியபோது அப்படி ஒரு மலைத்தொடரே அங்கே இல்லை. உங்கள் நாட்டு மக்கள் போகாத இடத்தை வெள்ளையாகவே விடுங்கள். அந்த வெள்ளை இடத்தில்தான் வாசகரின் கண் முதலில் போய் நிற்கும்.

வாயில் நுழையாத பெயர்கள்

நாகப்பட்டினம் என்றதும் கடல் தெரிகிறது. அந்த வேலையை உங்கள் பெயர்களும் செய்ய வேண்டும். கடலோர ஊர்களுக்கு ஒரு விகுதி, மலையூர்களுக்கு ஒன்று, ஆற்றங்கரைக்கு ஒன்று. மூன்று விகுதி இருந்தாலே அந்த நாட்டுக்கு ஒரு மொழி இருப்பது போல் ஆகிவிடும்.

அச்சு அளவை மறப்பது

ஏ3 தாளில் வரைந்தது, நாவல்கள் வழக்கமாக வரும் டெம்மி அளவுப் புத்தகத்தின் ஒரு பக்கத்தில் வரும்போது பாதிக்கும் கீழே சுருங்கிவிடுகிறது. 2 மி.மீ. எழுத்து 1 மி.மீ.கூட இருக்காது. ‘ண’வும் ‘ன’வும் ஒரே கறுப்புப் பொட்டாகிவிடும். பென்சில் நிலையிலேயே ஜெராக்ஸ் கடையில் கொடுத்து, அச்சாகப்போகும் அளவுக்குச் சுருக்கி ஒரு பிரதி எடுங்கள். அதை வீட்டில் யாரிடமாவது கொடுத்து ஊர்ப் பெயர்களை வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். அவர்கள் கண்ணைச் சுருக்கும் இடத்தையெல்லாம் வட்டமிட்டு வையுங்கள். அந்தப் பெயர்களைப் பெரிதாக எழுதிய பிறகு மையைத் திறக்கலாம்.