ராமையாவின் சினிமாக் கணக்கை நான் தொகுத்த விதம்

எழுத்தாளர் பி. எஸ். ராமையா என்றால் மணிக்கொடி என்ற இலக்கிய இதழ் நினைவுக்கு வரும். ‘மணிக்கொடி காலம்’ நூலுக்கு 1982இல் சாகித்ய அகாதெமி விருது கிடைத்ததும் பலருக்குத் தெரியும். அவர் சினிமாவுக்கு எழுதியவர், படம் இயக்கியவர் என்றால் “அப்படியா?” என்கிறார்கள். இப்படி மறந்துபோன ஒருவரின் திரைவாழ்க்கையைத் தொகுக்க நினைத்தால், நான் போன வழியில் நீங்களும் போகலாம்.

முதல் வேலை, பெயரை எத்தனை விதமாக அச்சடித்திருப்பார்கள் என்று எழுதிக்கொள்வது. ராமையா, ராமய்யா, இராமையா: மூன்றையும் தேட வேண்டும். தஞ்சை ராமையாதாஸ் வேறு ஆள். அவர் பாடலாசிரியர், வசனமும் எழுதியவர். ஒரு பழைய பட்டியலில் வெறும் ‘ராமையா’ என்று இருந்ததை நம்பி, இருவர் படங்களையும் ஒரே பக்கத்தில் எழுதிவிட்டேன். பிறகு முழுப் பக்கத்தையும் அடித்துவிட்டு முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டியதாயிற்று. இன்ஷியல் இல்லாத பெயரைப் பென்சிலால் மட்டும் குறித்து வையுங்கள்.

படம் கிடைத்தால் டைட்டிலை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். அந்தக் காலத்தில் ‘கதை, வசனம்’ என்றோ ‘சம்பாஷணை’ என்றோ போட்டிருப்பார்கள். உள்ளதை உள்ளபடி எழுதுங்கள். அதை நீங்களாகத் ‘திரைக்கதை’ என்று மாற்றினால், அடுத்து வருகிறவர் அதையே ஆதாரமாக எடுத்துக்கொள்வார்.

படமே கிடைக்காதபோது, அந்தக் காலத்தில் படத்தோடு விற்ற பாட்டுப் புத்தகம்தான் கதி. சென்னை தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் பழைய பாட்டுப் புத்தகங்கள் இருக்கின்றன. அட்டையில் நட்சத்திரங்கள் இருப்பார்கள். எழுதியவர் பெயர் உள்ளே சின்ன எழுத்தில் இருக்கும். கதைச்சுருக்கமும் உண்டு, பாதியில் நிறுத்தி ‘மீதியை வெள்ளித்திரையில் காண்க’ என்று முடித்திருப்பார்கள். தாள் அப்பளமாக நொறுங்கும், பொறுமையாகப் புரட்டுங்கள்.

சரி, இனி ஆண்டுவாரியாக அடுக்குங்கள். மதனகாமராஜன் 1941, குபேர குசேலா 1943, சாலிவாகனன் 1945, அவரே இயக்கிய தன அமராவதி 1947. அதற்கப்புறம் பட்டியல் மெலிந்துவிடும். ‘சினிமாவை விட்டுவிட்டார்’ என்று அங்கேயே முடித்துவிடாதீர்கள். நாடகத்தைத் தேடுங்கள். நடிகர் எஸ். வி. சகஸ்ரநாமத்தின் சேவா ஸ்டேஜ் நாடகக் குழுவுக்கு ராமையா நாடகங்கள் எழுதினார். ‘போலீஸ்காரன் மகள்’ அங்கே மேடையேறி, 1962இல் ஸ்ரீதர் இயக்கத்தில் படமானது. அதற்கு முன்பே, 1959இல், அவருடைய ‘பிரசிடெண்ட் பஞ்சாட்சரம்’ நாடகத்தை பீம்சிங் படமாக்கியிருந்தார். இயக்குநர் பெயரை மட்டும் வைத்துத் தேடினால் இந்த இரண்டும் ராமையா கணக்கில் வரவே வராது.

அதனால் நோட்டில் படத்துக்கு ஒரு பத்தி, நாடகத்துக்கு ஒரு பத்தி, பத்திரிகைக் கதைக்கு ஒரு பத்தி என்று கோடு போட்டுக்கொள்ளுங்கள். 1947க்கும் 1959க்கும் நடுவே நான் ஐந்து பக்கம் காலியாக விட்டிருக்கிறேன். பழைய நாடக நோட்டீஸ் ஒன்று கையில் சிக்கும்போதெல்லாம் அந்தப் பக்கங்களில் ஒரு வரி ஏறுகிறது.