ராசி ஆகிவிட்டோம், கேஸை எப்படி முடிப்பது?

"சார், ஸ்டேஷன்ல வாபஸ்னு எழுதிக் கொடுத்துட்டோம். இன்னும் ஏன் சம்மன் வருது?" வேலூர் சத்துவாச்சாரி கோர்ட்டில் வக்கீலாக இருக்கும் என்னிடம் அடிக்கடி வரும் கேள்வி இது. எஃப்.ஐ.ஆர். போட்ட பிறகு அது அரசு நடத்தும் வழக்கு. ஸ்டேஷனில் எழுதிக் கொடுக்கும் கடிதத்தால் அது முடியாது, கோர்ட்டில்தான் முடியும். எந்தக் கோர்ட் என்பதில்தான் பலரும் தடுமாறுகிறார்கள்.

என்னிடம் வந்த ஒரு வழக்கையே வைத்துச் சொல்கிறேன். குடியாத்தம் பக்கம் இரண்டு பங்காளிகளுக்குள் வரப்புத் தகராறு. தம்பி வீசிய மண்வெட்டி பட்டு அண்ணனுக்குப் புருவத்துக்கு மேல் நாலு தையல். எட்டு மாதம் கழித்து, பெரியம்மாவின் காரியத்தில் பந்தி பரிமாறும்போது இருவரும் பேசிக்கொண்டார்கள்.

1. பிரிவுகளைப் பாருங்கள்

எஃப்.ஐ.ஆர். நகலை எடுத்து வையுங்கள். குற்றப்பத்திரிகை தாக்கலாகியிருந்தால் அதுதான் முக்கியம், ஏனென்றால் அதில் பிரிவுகள் மாறியிருக்கலாம். சம்பவம் 1-7-2024க்கு முந்தியது என்றால் பழைய ஐ.பி.சி. எண்கள் இருக்கும். அதற்குப் பிந்தியது என்றால் பாரதிய நியாய சன்ஹிதா எண்கள்.

2. சமாதானப் பட்டியலில் இருக்கிறதா?

குற்ற வழக்கு நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 359ஆம் பிரிவில் (பழைய சி.ஆர்.பி.சி.யில் 320) சமரசம் செய்துகொள்ளத்தக்க குற்றங்களின் பட்டியல் உண்டு. சாதாரணக் காயம், நியாய சன்ஹிதாவின் 115(2), என்றால் அடிபட்டவர் சம்மதித்தாலே போதும். கொடுங்காயம், 117(2), என்றால் கோர்ட்டின் அனுமதியும் வேண்டும்.

எல்லோரும் இடறும் இடம் அடுத்தது. கையால் அடித்து எலும்பே முறிந்தாலும் சமரசம் செய்யலாம். ஆயுதத்தால் பட்ட சின்னக் காயம், 118(1), பட்டியலிலேயே இல்லை. பொது இடத்தில் ஆபாசமாகத் திட்டுவது, 296(பி), அதுவும் இல்லை. நம் ஊர் அடிதடி எஃப்.ஐ.ஆர்.களில் இந்தத் திட்டுப் பிரிவு பெரும்பாலும் இருக்கும்.

3. பட்டியலில் இருந்தால்

வழக்கு நடக்கும் மாஜிஸ்திரேட் கோர்ட்டிலேயே இரு தரப்பும் மனு போடலாம். சமரசத்துக்கான மக்கள் நீதிமன்றமான லோக் அதாலத்துக்கும் அனுப்பச் சொல்லலாம். சமரசம் பதிவானால் சட்டப்படி அது விடுதலைக்குச் சமம். வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள், உதவி எண் 15100.

4. பட்டியலில் இல்லையென்றால்

ஹைகோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். வேலூர் மாவட்டத்துக்கு மதுரை கிளை இல்லை, சென்னைதான். நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528ஆம் பிரிவில் (பழைய 482) குற்றம் சாட்டப்பட்டவர் ரத்து மனு போடுவார். போலீஸும் புகார்தாரரும் எதிர்மனுதாரர்கள். இரு தரப்பும் கையெழுத்திட்ட சமரச மனுவும் ஆதார் நகல்களும் தேவை.

மண்வெட்டியால் பட்ட காயம் என்பதால் நம் அண்ணன் தம்பி வழக்கும் ஹைகோர்ட்டுக்குத்தான் போனது. இருவரும் காட்பாடியில் ஒரே ரயில் ஏறித்தான் வந்தார்கள். நீதிபதி அண்ணனைப் பார்த்து, "யாராவது மிரட்டினாங்களா? பணம் கொடுத்தாங்களா?" என்று கேட்டார். "இல்லீங்க ஐயா, எங்க சித்தப்பா பையன்தான்" என்றபோது அவர் கை தானாகப் புருவத்துத் தழும்பைத் தொட்டது. புகார்தாரர் வாயால் வரும் இந்தப் பதிலுக்குத் தனி மதிப்பு உண்டு. அதை யாரும் சொல்லிக்கொடுத்துக் கூட்டிவராதீர்கள்.

எல்லா வழக்கும் இப்படி ரத்தாகிவிடாது. கொலை, பலாத்காரம், கொள்ளை போன்றவை சமூகத்துக்கே எதிரான குற்றங்கள், குடும்பங்கள் சமாதானமானாலும் ரத்து செய்யக் கூடாது என்று கியான் சிங் வழக்கில் 2012இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. குழந்தை மீதான பாலியல் குற்றத்தில் "பேசி முடிச்சிட்டோம்" என்று வருபவர்களிடம் நான் ஃபைலைத் தொடுவதே இல்லை.

இன்னொன்று. "சாட்சிக் கூண்டுல ஒண்ணும் தெரியாதுன்னு சொல்லிடு, கேஸ் தானா போயிடும்" என்று ஊரில் யோசனை சொல்வார்கள். சத்தியம் செய்துவிட்டுச் சொல்லும் பொய் அது, அதற்கே தனி வழக்கு வரலாம். நேர்வழி இருக்கும்போது இது தேவையே இல்லை.

5. உத்தரவு வந்த பிறகு

நகலை வாங்கி மாஜிஸ்திரேட் கோர்ட்டிலும் ஸ்டேஷனிலும் கொடுங்கள். அதுவரை ஒரு வாய்தாவைக்கூட விடாதீர்கள், வாரண்ட் வந்துவிடும். அப்புறம் ஒரு நகல் வீட்டில் பத்திரமாக இருக்கட்டும். பாஸ்போர்ட்டுக்குப் போலீஸ் விசாரணை வரும்போது அந்தக் காகிதத்தைத்தான் கேட்பார்கள்.