கொத்துக்கடை சத்தத்தில குறும்படத்துக்கு மியூசிக்: முதல்முறை செய்யிறவைக்கு

கீபோர்ட் வாசிக்கத் தெரியாது, ஸ்டூடியோவும் இல்லை, ஆனா கூட்டாளி ஒருத்தன் குறும்படம் எடுத்துப்போட்டு "மச்சான் மியூசிக் நீதான்" எண்டுட்டான். பயப்பிடாதேங்கோ. 1948ல பாரிஸ்ல பியர் ஷேஃபர் எண்டவர் ரயில் சத்தங்களை இசைத்தட்டில பதிஞ்சு அதை வச்சே இசை செய்து ரேடியோவில போட்டவர். கொழும்பு வெள்ளவத்தை ஸ்டேஷன்ல நிண்டா எங்களுக்கு ரயிலோட கடலும் சேர்ந்து கேக்கும், அவரை விட நாங்கள் வசதி.

1. எடிட்டிங் முழுசா முடிஞ்சுதோ எண்டு முதல்ல கேளுங்கோ. நான் ஒருக்கா கேக்காமல் எல்லாம் செய்து குடுத்தாப் பிறகு டைரக்டர் நடுவில 14 செக்கன் வெட்டிட்டார், அதுக்குப் பிறகு வந்த ஒவ்வொரு சத்தமும் 14 செக்கன் பிந்தித்தான் விழுந்துது. நேரம் ஓடுற நம்பர் படத்திலயே தெரியிற வீடியோ ஒண்டு வாங்குங்கோ.

2. சத்தத்தை நிப்பாட்டிட்டு ஒருக்கா பாருங்கோ, எங்க மியூசிக் வேணாம் எண்டு எழுதுங்கோ. 12 நிமிசப் படத்துக்கு மூண்டு இடத்தில மியூசிக் இருந்தாத் தாராளம்.

3. ரெக்கோர்டிங். போன் ரெக்கோர்டிங் ஆப்ல வேவ் (சத்தத்தைச் சுருக்காத ஃபைல்), சாம்பிள் ரேட் 48000 எண்டு செட் பண்ணுங்கோ, கடற்கரையில காத்து அடிச்சால் போனுக்கு ஒரு சொக்ஸ் போடுங்கோ (தோய்ச்சது!). கொத்துக்கடைக்குப் போறதெண்டால் முதலாளியிட்ட கேட்டுட்டு, கடை ரேடியோவில பாட்டு ஓடாத நேரமாப் பாத்துப் போங்கோ, பாட்டு உள்ள வந்தால் காப்புரிமைப் பிரச்சினை.

4. இதுதான் எனக்குப் பிடிச்ச இடம். ஓடாசிட்டி எண்ட சத்தம் வெட்டி ஒட்டுற சொஃப்ட்வெயர் இலவசம், அதில கொத்துத் தகடு கல்லில விழுற ஒரே ஒரு அடியை வெட்டி எடுத்து ஸ்பீடை பாதியாக்குங்கோ, சுருதி ஒரு ஸ்தாயி இறங்கும், திரும்பவும் பாதியாக்கினா இன்னொரு ஸ்தாயி, இப்ப அது கொத்து இல்லை, எங்கயோ தூரத்தில கோயில் மணி அடிக்கிற மாதிரி இருக்கும். பிறகு எஃபெக்ட்ல பால்ஸ்ட்ரெச் (சத்தத்தை இழுத்து நீட்டுறது) எடுத்து 10 எண்டு விட்டால் மூண்டு செக்கன் சத்தம் அரை நிமிசமா இழுபடும். அதுக்குக் கீழ ரயில் வாற இரைச்சலை மெல்லமா வையுங்கோ. மூண்டாவது சத்தம் சேக்க கை துடிக்கும், சேக்காதேங்கோ.

5. படத்தோட பொருத்த ரீப்பர் எண்ட மியூசிக் சொஃப்ட்வெயர் நல்லம், வீடியோவும் ஓடும், 60 நாள் சும்மா பாவிச்சுப் பாக்கலாம். ஆக்கள் கதைக்கிற இடத்தில வொலியூமை மட்டும் குறைச்சால் மியூசிக் செத்துப்போகும், ஈக்யூல (சத்தத்தின்ர கீழ், நடு, மேல் பகுதியளைத் தனித்தனியாக் கூட்டிக் குறைக்கிறது) 1000இல இருந்து 4000 ஹேர்ட்ஸ் வரை கொஞ்சம் இறக்குங்கோ, கதைக்கிறது தெளிவாக் கேக்கும்.

6. 48 கிலோஹேர்ட்ஸ் (அதே 48000தான்), 24 பிட் வேவா எடுத்துக் குடுங்கோ, எம்பி3 வேணாம். படம் தொடங்க சரியா ரெண்டு செக்கன் முன்னால ஒரு ஃபிரேம் (வீடியோவில ஒரு ஒற்றைப் படம்) நீளத்துக்கு ஒரு பீப் வையுங்கோ, எடிட்டர் அதைப் பிடிச்சுத்தான் உங்கட ஃபைலை நேராக்குவார்.