விடியற்காலை சைகோன்: காலிச் சாலையில் வலப்பக்கமாக ஓட்டுவது எப்படி

வியட்நாமின் சைகோனில் (ஹோ சி மின் நகரம்) பைக் எடுக்கத் தயங்குகிறவர்கள் பகல்நேரக் கூட்டத்தைப் பார்த்துத் தயங்குகிறார்கள். ஆனால் சென்னையோ யாழ்ப்பாணமோ கோலாலம்பூரோ, எங்கிருந்து போனாலும் நாமெல்லாம் இடப்பக்கம் ஓட்டிப் பழகியவர்கள். நமக்கு ஆபத்து கூட்டமே இல்லாத நேரத்தில்தான். கூட்டத்தில் முன்னால் போகிற வண்டியின் பின்னாலேயே போனால் வலப்பக்கம் தானாக அமைந்துவிடும். விடிவதற்கு முன்னால், ஒரு வண்டிகூட இல்லாத சாலைக்குள் பெட்ரோல் பங்கிலிருந்து இறங்கும்போது கை பழக்கப்பட்ட பக்கத்துக்கே ஹேண்டிலைத் திருப்பும். எதிரே விளக்கு தெரிந்த பிறகுதான் தவறு உறைக்கும்.

இத்தனை எச்சரிக்கைக்குப் பிறகும் அந்த நகரத்தைப் பார்க்கச் சிறந்த நேரம் விடியற்காலைதான். சைகோன் ஏறத்தாழ நம் திருச்சியின் அட்சரேகையில் இருக்கிறது. சூரிய உதயம் ஜூனில் 5.30 மணியை ஒட்டி, ஜனவரியில் 6.15-ஐ ஒட்டி. கடிகாரம் இந்திய நேரத்தைவிட ஒன்றரை மணி முன்னால். 6.30-க்கெல்லாம் பிள்ளைகளைப் பள்ளிக்கு ஏற்றிச் செல்லும் வண்டிகள் சாலையை நிறைத்துவிடும். ஆகவே உங்களுக்குக் கிடைப்பது 4.45 முதல் 6.30 வரை. மே முதல் நவம்பர் வரை மழைக்காலம் என்றாலும் மழை பெரும்பாலும் மதியத்துக்கு மேல்தான், காலை தப்பிவிடும்.

முதலில் உரிமம்

இதைத் தள்ளிப்போடாதீர்கள். வியட்நாம் ஏற்பது 1968 வியன்னா உடன்படிக்கையின்படி வழங்கப்பட்ட பன்னாட்டு ஓட்டுநர் உரிமத்தை. இந்திய ஆர்.டி.ஓ. தரும் பன்னாட்டு உரிமத்தின் அட்டையைப் பாருங்கள், 1949 என்று இருக்கும். அது அங்கே செல்லாது. வேறு நாட்டு உரிமம் என்றாலும் அட்டையில் உள்ள ஆண்டைப் பார்த்துக்கொள்ளுங்கள். வாடகைக் கடைக்காரர் எதையும் கேட்காமல் சாவியைக் கொடுத்துவிடுவார். அதனால் ஓட்டலாம் என்று ஆகிவிடாது. விபத்து நடந்தால் உரிமம் இல்லை என்ற ஒரே காரணத்தில் பயணக் காப்பீடு கைவிரித்துவிடும், ஆஸ்பத்திரிச் செலவு முழுவதும் உங்கள் தலையில் விழும்.

செல்லும் உரிமம் இல்லாதவர்களுக்கு இரண்டு வழி. 50 சிசிக்கு உட்பட்ட வண்டிக்கு உரிமம் தேவையில்லை, 16 வயது ஆகியிருந்தால் போதும். கீழே சொல்லப்போகும் 20 கிலோமீட்டர் சுற்றுக்கு அந்த வேகமே தாராளம். அப்படி வண்டி கிடைக்காவிட்டால் பின்சீட்டில் உட்கார்ந்து போங்கள். கிராப் ஆப்பில் பைக் அந்நேரத்திலும் கிடைக்கும், ஒவ்வோர் இடத்துக்கும் தனித்தனியாகப் புக் செய்துகொள்ளலாம். வேடிக்கை பார்க்கத்தான் போகிறீர்கள் என்றால் எங்கள் பரிந்துரை பின்சீட்டே.

வண்டி எடுக்கும்போது

வாடகை நாளொன்றுக்குப் பொதுவாக 1,20,000 முதல் 2,00,000 டாங் வரை. ஒரு ரூபாய்க்கு ஏறக்குறைய 300 டாங் என்று வைத்துக் கணக்குப் போடுங்கள். பாஸ்போர்ட்டை ஈடாகக் கேட்டால் கொடுக்காதீர்கள், பணத்தை டெபாசிட்டாகக் கொடுங்கள். கியர் போட்டுப் பழகாதவர்கள் ஹோண்டா விஷன் போன்ற ஆட்டோமேட்டிக்கை எடுப்பது நல்லது.

மலிவாகக் கிடைப்பது ஹோண்டா வேவ். அதில் கிளட்ச் லீவர் கிடையாது. முன்பெடலை மிதித்தால் 1, 2, 3, 4 என்று ஏறும், பின்பெடலை மிதித்தால் இறங்கும். மாற்றும்போது ஆக்சிலேட்டரை முழுதாக விட்டுவிட வேண்டும். பிடித்தபடியே மிதித்தால் காலை எடுக்கும் நொடியில் வண்டி எகிறும். நான்காம் கியருக்கு மேல் முன்பெடலை மறுபடி மிதித்தால் நியூட்ரலுக்கும் அடுத்து முதல் கியருக்கும் சுற்றி வரும். இதை வண்டி முழுதாக நின்ற பிறகு மட்டும் செய்யுங்கள்.

பார்த்து வாங்க வேண்டியவை: இரண்டு பிரேக்கும், ஹாரன், முன்விளக்கு, பின்விளக்கு, டயரின் பள்ளம், இடப்பக்கக் கண்ணாடி. இடக்கண்ணாடி இல்லாத வண்டியை ஓட்டுவது அங்கே குற்றம். மாலை 6 முதல் காலை 6 வரை முன்விளக்கு எரிய வேண்டும் என்பது சட்டம், ஆகவே ஸ்விட்ச் வேலை செய்கிறதா என்று இரவே பாருங்கள். இரவு 10 முதல் காலை 5 வரை குடியிருப்புப் பகுதியில் ஹாரன் அடிக்கக் கூடாது. வண்டியின் பதிவு அட்டையையும் கட்டாயக் காப்பீட்டுச் சீட்டையும் கேட்டு வாங்கிச் சீட்டுக்கு அடியில் வையுங்கள். கடைகளில் தரும் தொப்பி மாதிரியான ஹெல்மெட் ஒன்றுக்கும் உதவாது, நல்லதாக ஒன்று வாங்கிவிடுங்கள். வாரை மாட்டாமல் தலையில் கவிழ்த்திருந்தாலும் 4 முதல் 6 லட்சம் டாங் அபராதம், பின்னால் உட்கார்ந்திருப்பவருக்கும் அதே சட்டம்தான்.

பெட்ரோலை முந்தைய மாலையே போட்டுவிடுங்கள். வேவ் டேங்க் நாலு லிட்டருக்கும் கீழே, மூடி சீட்டுக்கு அடியில். 50,000 டாங்குக்குப் போட்டால் இரண்டு லிட்டருக்கு மேல் விழும், இந்தச் சுற்றைப்போல மூன்று சுற்று போகலாம். மங்கிய வெளிச்சத்தில் பணம் கொடுக்கும்போது ஒன்று கவனம்: 20,000 டாங் தாளும் 5,00,000 டாங் தாளும் இரண்டுமே நீலம். பெரிய தாளைத் தனிப் பையில் வைப்பதே பாதுகாப்பு.

வலப்பக்கம் கைக்கு வர

ஆக்சிலேட்டர் பிடிக்கும் கையின் பக்கம் நடைபாதை, மற்ற கையின் பக்கம் நடுக்கோடு. இதை மட்டும் வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே முதல் பத்து நிமிடம் ஓட்டுங்கள். வலக்கண்ணாடித் தண்டில் ஒரு ரப்பர் பேண்டைச் சுற்றிவிட்டாலும் நல்லது, கண்ணில் படும்போதெல்லாம் நினைவு வரும்.

நேராகப் போகும்போது யாரும் பக்கம் மாறுவதில்லை. மாறுவது நின்று கிளம்பும்போது. பங்கிலிருந்து வெளியேறும்போது, சந்திலிருந்து பெரிய சாலைக்கு வரும்போது, யூ-டர்ன் போட்ட பிறகு, ஒருவழிச் சாலை முடிந்து இருவழி தொடங்கும் இடத்தில். கடைசியாகச் சொன்னதுதான் மோசம். சைகோனின் நடுப்பகுதியில் ஒருவழிச் சாலைகள் ஏராளம். அதில் இடக்கோடியில் போய்க்கொண்டிருப்பீர்கள், எந்தத் தப்பும் இல்லை. அடுத்த சந்திப்பைத் தாண்டியதும் அதே கோடி எதிர்வண்டிகளின் தடமாகிவிடும். ஒருவழியிலும் வலக்கோடியை விட்டு நகராமல் இருந்தால் இந்தப் பிரச்சினையே எழாது.

வலப்பக்கம் திரும்புவது சின்னத் திருப்பம், இடப்பக்கம் திரும்புவது சாலையைக் கடந்து போகும் பெரிய திருப்பம். சாலைக்குள் நுழையும்போது உங்களுக்கு அருகிலுள்ள வண்டி இடப்பக்கத்திலிருந்து வரும், முதலில் அங்கே பாருங்கள். பிறகு வலப்பக்கமும் பாருங்கள். ஓரத்தை ஒட்டி எதிர்த்திசையில் வருகிற வண்டி சைகோனில் எப்போதும் உண்டு. ரவுண்டானாவைக் கடிகாரத்துக்கு எதிர்த்திசையில் சுற்ற வேண்டும், இடப்பக்கமிருந்து வருபவருக்கு வழிவிட வேண்டும்.

நம்மூர் 'ஃப்ரீ லெஃப்ட்' பழக்கம் அங்கே 'ஃப்ரீ ரைட்' ஆகிவிடாது. சிவப்பில் வலப்பக்கம் திரும்பத் தனிப் பலகையோ பச்சை அம்புக்குறியோ இருக்க வேண்டும். 2025 ஜனவரி முதல் அபராதங்களைப் பலமடங்கு ஏற்றிவிட்டார்கள். சிவப்பைத் தாண்டினாலும், ஒருவழியில் எதிர்த்து வந்தாலும், நடைபாதையில் ஏற்றி ஓட்டினாலும் 40 முதல் 60 லட்சம் டாங். குடித்துவிட்டு ஓட்டுவதற்கு எந்த அளவும் அனுமதி இல்லை, முந்தைய இரவின் பீர் காலையிலும் மூச்சில் காட்டும்.

பச்சை விழுந்ததும் பாயாதீர்கள். காலி என்று நினைத்துச் சிவப்பில் வருகிறவர்கள் அந்நேரத்தில்தான் அதிகம். இரண்டு நொடி விட்டு, இருபக்கமும் பார்த்துக் கிளம்புங்கள். மஞ்சள் விளக்கு விட்டுவிட்டு எரிந்தால், சிக்னல் தூங்குகிறது, நீங்களே பார்த்து மெதுவாகப் போங்கள் என்று பொருள்.

ஒரு சுற்று, ஏறத்தாழ 20 கிலோமீட்டர்

தொடக்கம் பென் தான் சந்தை, 1914-இல் திறந்த கட்டடம். அங்கிருந்து மூன்று கிலோமீட்டரில் ஹோ தி கீ பூச்சந்தை. தாலாத் என்ற மலைநகரத்திலிருந்து இரவு லாரிகளில் பூ வந்து இறங்கும் மொத்தச் சந்தை இது. விடிவதற்குள் பாதி வியாபாரம் முடிந்திருக்கும், ஆகவே முதலில் இங்கே. சந்துக்குள் வண்டியை விடாதீர்கள். நசுங்கிய தண்டும் இலையும் தண்ணீருமாகத் தரை வழுக்கும், பூக்கட்டுகளோடு வருகிற வண்டிகளுக்கு நீங்கள் இடைஞ்சல். வெளியே பெரிய சாலையில் வண்டியை நிறுத்திவிட்டு நடங்கள்.

வண்டி நிறுத்த 'கூய் ஸே' என்று கேட்டால் போதும், கையைக் காட்டுவார்கள். சீட்டுத் தருவார்கள் அல்லது இருக்கையில் சாக்பீஸால் எண் எழுதுவார்கள், கட்டணம் பெரும்பாலும் 5,000 டாங். ஹேண்டில் லாக் போடாதீர்கள், இடம் பண்ண வண்டியை அவர்கள் நகர்த்திக்கொண்டே இருப்பார்கள். சீட்டு தொலைந்தால் வண்டி உங்களுடையது என்று நிரூபிக்க வேண்டிவரும். அதற்குத்தான் நம்பர் பிளேட்டையும் பதிவு அட்டையையும் போனில் படமெடுத்து வைத்திருக்க வேண்டும்.

பூச்சந்தைக்கு அருகில், நுயென் தியென் துவாட் சாலைச் சந்தில் சியோ லெயோ என்ற காபிக்கடை 1938 முதல் நடக்கிறது. துணிப்பையில் வடிகட்டும் காபி, நம் டீக்கடை வடிகட்டியைப் போலவே. பால் வேண்டாம் என்றால் 'கஃபே டா', கெட்டிப்பாலோடு வேண்டுமென்றால் 'கஃபே சுவா டா'. இரண்டுமே ஐஸ் போட்டது.

அடுத்து சோலோன், சீனர் பகுதி. 1928-இல் கட்டிய பிங் தய் சந்தையின் மணிக்கூண்டுதான் அடையாளம். உள்ளே கடைகள் திறக்காவிட்டாலும் சுற்றுச் சாலைகளில் சரக்கு ஏறி இறங்கிக்கொண்டிருக்கும். இங்கே வருகிற வண்டியின் அகலத்தை முன்சக்கரத்தை வைத்து அளக்காதீர்கள், பின்னால் கட்டிய மூட்டை இருபக்கமும் ஒரு மீட்டர் நீட்டிக்கொண்டிருக்கலாம். மீன் விற்கும் தெருவில் முன்பிரேக்கைத் தொடாமல், வளைவில் சாய்க்காமல் போங்கள்.

திரும்பி வர வோ வன் கியெட் அகலச்சாலை, வாய்க்காலை ஒட்டியே கிழக்கே போகும். கனரக லாரிகளுக்கு நகருக்குள் காலை 6 முதல் இரவு 10 வரைதான் தடை. ஆகவே 6 மணிக்கு முன் அவை இருக்கும் என்று வைத்துக்கொண்டு பைக் தடத்தை விட்டு வெளியே வராதீர்கள். லாரியின் வலப்பக்கத்தில் ஒட்டிப் போகக் கூடாது. அது வலப்பக்கம் திரும்பும்போது டிரைவருக்கு உங்களைத் தெரியாது. சாலையின் கடைசியில் நடுத்தடங்கள் ஆற்றுக்கு அடியிலுள்ள சுரங்கத்துக்குள் இறங்கும், மேலேயே போகும் ஓரச்சாலையைப் பிடியுங்கள். தப்பி உள்ளே இறங்கிவிட்டால் திரும்பாதீர்கள், நேரே போனால் ஆற்றின் எதிர்க்கரையான து தியெமில் ஏறுவீர்கள்.

அந்தக் கரைக்குத்தான் அடுத்துப் போகப்போகிறோம். மேலே வந்தவர்கள் பாக் டாங் படித்துறைப் பூங்காவைத் தாண்டி, 2022-இல் திறந்த பா சோன் பாலத்தில் ஏறுங்கள். பாலத்தில் படமெடுக்க நிறுத்த வேண்டாம், அபராதத்துக்கு வழி. அக்கரையில் ஆற்றோரப் பூங்கா இருக்கிறது. சூரியன் உங்கள் முதுகுப்பக்கம் எழுவதால் எதிரே நகரின் உயர்ந்த கட்டடங்கள் மீது வெளிச்சம் நேராக விழும். ஜூன் மாதம் என்றால் முழுச் சுற்றையும் அரைமணி முன்னதாகத் தொடங்கினால்தான் இது கிடைக்கும்.

6.30-க்குள் பென் தான் பக்கம் வந்துவிடுங்கள். சைவம் சாப்பிடுகிறவர்கள் 'சய்' என்ற பலகையைத் தேடுங்கள், சந்திர மாதத்தின் 1, 15-ஆம் நாள்களில் எங்கும் கிடைக்கும். அந்தப் பலகை இல்லாத கடையில் காய்கறி என்று சொன்னாலும் மீன்சாறு விழுந்திருக்கும். சந்தையிலிருந்து நடக்கும் தூரத்தில், துருவோங் டின் சாலையில் நகரத்தார் காலத்து மாரியம்மன் கோயில். வரிசையில் நிற்பவர்களில் பெரும்பாலோர் வியட்நாமியர்கள்.

கெடுவது எங்கே

தண்ணீர். செப்டம்பர் முதல் ஆண்டு இறுதி வரை, அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி ஆற்றில் கடல் ஏற்றம் வந்து தாழ்வான சாலைகளை மூழ்கடிக்கும், விடியற்காலையும் அதற்கு ஒரு நேரம். ஏழாம் வட்டாரத்து ஹுயின் தான் ஃபாட் சாலை, தாவோ தியென் பகுதி இவற்றைத் தவிருங்கள். மாட்டிக்கொண்டால் முதல் கியரில், ஆக்சிலேட்டரை விடாமல் ஒரே சீராகக் கடக்க வேண்டும். விட்டால் புகைக்குழாயில் தண்ணீர் ஏறும். நின்றுவிட்டால் மறுபடி ஸ்டார்ட் செய்யாமல் தள்ளிக்கொண்டு போய் மெக்கானிக்கிடம் ஸ்பார்க் பிளக்கைக் கழற்றிக் காயவைக்கச் சொல்லுங்கள். கரையேறியதும் பிரேக்கை லேசாகப் பிடித்தபடி சிறிது தூரம் ஓட்டினால் ஈரம் போகும்.

பஞ்சர் ஆனால் கவலையில்லை. நடைபாதையில் நிறுத்திவைத்த பழைய டயரில் 'வா ஸே' என்று எழுதியிருக்கும், அதுதான் கடை.

போன் பறிப்பு உண்டு. வழி பார்க்க வேண்டுமென்றால் ஓரத்தில் நிறுத்தி, சுவர்ப்பக்கம் திரும்பி நின்று பாருங்கள். வட்டார எண்களை நம்பி முகவரி தேடாதீர்கள். 2025 ஜூலையில் வட்டாரங்களை ஒழித்து வார்டுகளாக மாற்றிவிட்டார்கள், மக்கள் வாயில் இன்னும் பழைய எண்தான். தெருப்பெயரைப் பிடித்துக்கொள்ளுங்கள்.

விபத்தென்றால் ஆம்புலன்ஸ் 115, போலீஸ் 113. வண்டியைத் திருப்பிக் கொடுக்கும்போது, எடுத்த அன்று எடுத்த கீறல் படங்களைக் கையில் வைத்துக்கொண்டு கடைக்காரரோடு ஒருமுறை சுற்றிப் பார்த்து, டெபாசிட் பணத்தை எண்ணி வாங்கிய பிறகே சாவியைக் கொடுங்கள்.